கண்மாய்க்குச் சொல்லும் சொல்

வெள்ளிக்கிழமை பன்னிரண்டு மணிக்கு ராகுகாலம் முடிந்தது. பன்னிரண்டு ஐந்துக்கு வெள்ளைக் கார் வாசலில் வந்து நின்றது.

கார் அரிமளத்துக்குள் வந்து வெகு நேரம் ஆகியிருந்தது. பிள்ளையார் கோயில் வேப்பமரத்தடியில் ஏசியைப் போட்டுக்கொண்டு அது நேரம் கழியக் காத்திருந்ததைத் தெருவே பார்த்தது.

"காலேஜுல இங்கிலீஷ் சொல்லிக்குடுத்தவுகன்னியே. ராகுகாலம் பாக்குறாக" என்றார் சொக்கநாதன்.

"படிச்சவுகதான் எல்லாத்தையும் பாப்பாக. நீங்க மேல் பித்தானைப் போடுங்க அயித்தான்" என்றார் லக்ஷ்மணன்.

இந்த வரனைக் கொண்டுவந்தவர் அவர்தான். சொக்கநாதனின் மனைவி சிவகாமியின் தம்பி. வங்கி மேலாளராக இருந்து ஓய்வு பெற்றவர்.

சொக்கநாதனின் மகள் விசாலியின் கல்யாணம் நின்று இரண்டு வருடங்கள் ஆகிவிட்டன. பத்திரிகை கொடுத்து, முகூர்த்தக்கால் ஊன்றிய பிறகு, மாப்பிள்ளை வீட்டார் போனில் வேண்டாம் என்றார்கள். காரணம் சொல்லவில்லை. இந்த வீட்டிலிருந்தும் யாரும் போய்க் கேட்கவில்லை. சொக்கநாதன் "விடு" என்றார். விசாலி அழவில்லை. மறுநாள் காலை கணினி முன்னால் உட்கார்ந்து வேலை பார்த்தாள். இப்போது அவளுக்கு முப்பத்தொன்று.

அவள் அழாததை ஊர் பேசியது. "விசாலி மாதிரி அமைதி யாருக்கு வரும்" என்று சொல்லிவிட்டு, தங்கள் பையன்களுக்கு வேறு இடத்தில் பெண் பார்த்தார்கள்.

அந்த அமைதியைத்தான் லக்ஷ்மணன் போன மாதம் பயோடேட்டாவில் ஏற்றினார்.

"அமைதியான பொண்ணுன்னு போட்டா ஏதோ கொறைன்னு நெனைப்பாக ஆச்சி. ஹோம்லின்னு எல்லாருந்தான் போடுறாக. யாரும் போடாத வார்த்தையாப் போடணும்."

அவர் போட்ட வார்த்தை ப்ளாசிட்.

"அப்படின்னா?" என்று அக்கா சிவகாமி கேட்டாள்.

"எதுக்கும் கலங்காதவ. பாக்குறவுக டிக்‌ஷனரியை எடுத்துப் பாக்கட்டும். அப்பத்தான் மதிப்பு."

அனுப்பிய இடங்களில் ஒரு வீட்டிலிருந்துதான் பதில் வந்தது. சென்னை. மாப்பிள்ளை சாத்தப்பன், முப்பத்தாறு வயது, மென்பொருள் கம்பெனியில் பெரிய வேலை. முதல் கல்யாணம் முறிந்திருந்தது. அவர்கள் அனுப்பிய பயோடேட்டாவில் 'இன்னசன்ட் டைவர்சி' என்று இருந்தது. அதற்கு யாரும் அர்த்தம் பார்க்கவில்லை.

மாப்பிள்ளையின் தாயார் உமையாள் காரிலிருந்து இறங்கினாள். பின்னால் யாரும் இறங்கவில்லை.

"வாங்க ஆச்சி. மத்தவுக அடுத்த கார்ல வாராகளா?" சிவகாமி தெருவை எட்டிப் பார்த்தாள். பத்துப் பேருக்கு வெள்ளைப் பணியாரம் சுட்டு வைத்திருந்தாள்.

"நான் மட்டுந்தான். கூட்டமா வந்தா பலகாரந்தான் சாப்புடுவோம். பொண்ணைப் பாக்க மாட்டோம்."

லக்ஷ்மணன் சத்தமாகச் சிரித்தார். உமையாள் சிரிக்கவில்லை.

உள்ளே வந்து உட்கார்ந்தாள். ஒல்லியான உடம்பு. சுங்குடிச் சேலை. மோர் டம்ளரை வாங்கியபோது இடது கைச் சுண்டுவிரல் மடங்கியே இருந்தது. டம்ளரைக் கீழே வைத்த பிறகும் நிமிரவில்லை.

"பயோடேட்டா யார் எழுதுனது?"

"நான்தான்." லக்ஷ்மணன் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ப்ளாசிட்னு போட்டிருக்கீங்க."

"ஆமா. கொஞ்சம் ரேர் வேர்டு."

"அந்த வார்த்தையைப் பாத்துத்தான் போன் பண்ணேன்."

லக்ஷ்மணன் அக்காவைப் பார்த்தார். பார்த்தாயா என்று கேட்கும் பார்வை.

"அதை எதுக்குச் சொல்லுவோம்? சொல்லுங்க பாப்போம்."

அவர் பரீட்சையை எதிர்பார்க்கவில்லை. "காம்... காம் அண்ட் கொயட்."

"அது அர்த்தம். எதுக்குச் சொல்லுவோம்னு கேட்டேன்."

லக்ஷ்மணன் துண்டால் மீசையைத் துடைத்தார்.

"காத்தடிக்காத நாள்ல கண்மாய்க்குச் சொல்லலாம்" என்றாள் உமையாள். "பசுமாட்டுக்குச் சொல்லலாம். பால் குடிச்சிட்டுக் கெடக்குற பிள்ளைக்குச் சொல்லலாம். வளந்த மனுசருக்குச் சொன்னா, பாராட்டுறாகளா வேற ஏதும் சொல்றாகளான்னு ஒரு நிமிசம் யோசிக்கணும். வகுப்புல பிள்ளைகளுக்கு இப்படித்தான் சொல்லிக்குடுப்பேன்."

"நல்ல அர்த்தத்துலதான் போட்டேன்" என்றார் லக்ஷ்மணன்.

"தப்புன்னு சொல்லலை. எனக்கு ஒரே சந்தேகம். கோவம் வந்து அதை அடக்கிக்கிறவுகளுக்கு வேற வார்த்தை இருக்கு. கம்போஸ்ட். வெளிய தெரியாது, உள்ள கொதிக்கும். ப்ளாசிட்னா உள்ளயும் கொதிக்காது. ஒங்க பொண்ணு எது?"

சொக்கநாதன் சிவகாமியைப் பார்த்தார். அவர்கள் அதுவரை அந்தக் கேள்வியைக் கேட்டதில்லை.

"ரொம்ப நல்ல பொண்ணு ஆச்சி" என்றாள் சிவகாமி.

"மொத மருமகளும் நல்ல பொண்ணுதான். பத்து மாசம் ஒரு சொல் சொல்லலை. ஒரு நா கதவைத் தெறந்துபோட்டுட்டுப் போயிட்டா. அவ கம்போஸ்ட். எனக்குத் தெரியாமப் போச்சு."

"ஏன் போனாக?" என்று கேட்டார் சொக்கநாதன். அவர் கேட்ட முதல் கேள்வி அது.

உமையாள் லக்ஷ்மணனைப் பார்த்தாள். "நீங்க சொல்லலையா?"

லக்ஷ்மணன் ஒரு பணியாரத்தை எடுத்தார். "பெரிய விஷயம் ஒன்னுமில்லை அயித்தான். மாப்பிள்ளைக்குக் கொஞ்சம் கோவம் வரும். கோவம் வராத ஆம்பளை யாரு?"

"நம்ம வீட்டுல யாருக்கும் வராதே" என்றாள் சிவகாமி.

அதைப் பெருமையாகத்தான் சொன்னாள்.

விசாலி வந்தாள். பகல் ஷிஃப்ட்டின் முதல் பாதி முடிந்து, சேலை மாற்றிக்கொண்டு வந்திருந்தாள். தலையில் ஹெட்செட் பதிந்த இடத்தில் முடி இன்னும் படிந்து கிடந்தது. வணக்கம் சொன்னாள். எதிரே உட்கார்ந்தாள்.

"என்ன வேலை பாக்குறே ஆத்தா?"

"கிரெடிட் கார்டு கம்பெனிக்குக் கஸ்டமர் கேர். வீட்டுல இருந்தே. கத்துறவங்க காலெல்லாம் கடைசியா எங்கிட்ட வரும்."

உமையாள் சாப்பிடுவதை நிறுத்தினாள். "ரொம்பக் கத்துவாகளா?"

"கத்துவாங்க. கெட்ட வார்த்தை சொல்லுவாங்க."

"நீ என்ன செய்வே?"

"கேட்டுக்குவேன். அவங்க முடிச்சதும், அடுத்து என்ன பண்ணணும்னு சொல்லுவேன்."

"அப்புறம்?"

"அடுத்த கால் வந்துரும்."

உமையாள் தட்டைத் தள்ளி வைத்தாள். "போன தடவை கல்யாணம் ஏன் நின்னுச்சு?"

"தெரியாது."

"கேக்கலையா?"

"யாரும் கேக்கலை."

சொக்கநாதன் தன் கால் விரல்களைப் பார்த்தார்.

"ஒங்கிட்டதான் ஏதோ கொறைன்னு ஊருக்குள்ள சொல்றாக. கார்ல உக்காந்திருந்தப்ப பூக்காரம்மா சொன்னா."

பணியாரத் தட்டை நீட்டிய சிவகாமியின் கை அப்படியே நின்றது. பிறகு தட்டு உமையாளின் பக்கம் நகர்ந்தது. "இன்னும் ஒன்னு வச்சுக்கங்க ஆச்சி."

"சொல்றதை நம்மால தடுக்க முடியாது" என்றாள் விசாலி.

உமையாள் அவள் முகத்தையே பார்த்தாள். வயிற்றை அமுக்கிப் பார்க்கிற டாக்டரின் பார்வை. எங்கே வலிக்கிறது என்பதுதான் அவளுக்குத் தெரிய வேண்டும்.

அப்போது அவளுடைய போன் அடித்தது. திரையைப் பார்த்தாள். சற்று யோசித்தாள். ஸ்பீக்கரைப் போட்டு மேசை மேல் வைத்தாள்.

"எங்க போய்த் தொலைஞ்ச?" ஆண் குரல் வீடு முழுக்கக் கேட்டது. "ஏசி ரிமோட்டை எங்க வச்ச? எவ்வளவு நேரமாத் தேடுறது? மூளைன்னு ஒன்னு இருக்கா ஒனக்கு?"

போனுக்குள் ஏதோ கண்ணாடி உடையும் சத்தம் கேட்டது.

உமையாள் விசாலியிடம் குரலைத் தாழ்த்திச் சொன்னாள். "அலமாரியில ரெண்டாவது தட்டு. நீ சொல்லு."

சிவகாமி பாதி எழுந்தாள். லக்ஷ்மணன் அவள் முழங்கையைப் பிடித்து உட்காரவைத்தார்.

விசாலி போனைப் பார்த்துக் குனிந்தாள். "அலமாரியில ரெண்டாவது தட்டுல இருக்காம்."

"யார்ரீ நீ?"

"விசாலி."

"எந்த விசாலி? புது வேலைக்காரியா? கெழவிகிட்டக் குடுறீ போனை. ஒருத்திக்கும் ஒரு வேலை உருப்படியாத் தெரியாது. குடுறீ, நாயே."

சொக்கநாதன் வாயைத் திறந்தார். மோர் டம்ளரை எடுத்துக் குடித்தார்.

"ரிமோட் கெடைக்கிற வரைக்கும் நான் லைன்லயே இருக்கேன்" என்றாள் விசாலி. அவள் குரல் ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. "ரெண்டாவது தட்டு. பாருங்க."

மறுபக்கம் மூச்சு வாங்கியது. ஒரு கதவு இழுபட்டது.

"கெடச்சுதா?"



"கெடச்சுது" என்றது குரல். வேறு ஆளின் குரல் போல இருந்தது. "சரி."

போன் அணைந்தது.

உமையாள் அழுதாள். சத்தமில்லாமல், முகத்தை மூடாமல் அழுதாள். மடங்கிய விரலோடு கண்ணைத் துடைத்தாள்.

"இவன் அப்பச்சி இருந்த காலத்துலயும் இவன் இப்படி அடங்கி நான் பாத்ததில்லை."

"நம்ம பொண்ணு பேரு அவுகளுக்குத் தெரியாதா?" என்று சிவகாமி மெல்லக் கேட்டாள்.

"போட்டோ பாத்துச் சரின்னு சொன்னான். பேரை மறந்திருப்பான்." உமையாள் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள். "எனக்கு இனி பாக்குறதுக்கு ஒன்னுமில்லை. திருமயத்துக்குப் போயி சாமி கும்பிட்டுட்டு இந்த வழியாத்தான் திரும்புவேன். நாலரைக்கு எமகண்டம் முடியுது. அஞ்சு மணிக்கு வாரேன். சம்மதம்னா பூ வச்சுட்டுப் போயிர்றேன். ஆவணியில முகூர்த்தம் பாப்போம்."

யோசித்துச் சொல்கிறோம் என்று யாராவது சொல்லியிருக்கலாம். அதைச் சொல்ல வேண்டியவர் டம்ளரின் அடியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அஞ்சு மணிக்கு வாங்க ஆச்சி" என்றார் லக்ஷ்மணன்.

கார் வரை விசாலி கூடப் போனாள்.

"விரல்ல என்ன?"

"கதவு."

"யாரு சாத்துனது?"

உமையாள் காரில் ஏறி உட்கார்ந்தாள். "கண்ணாடி ஒடைஞ்சா அள்ளுறதுக்கு எனக்கு இப்பக் குனிய முடியலை ஆத்தா. நான் கெட்டவ இல்லை. வயசாயிருச்சு" என்றாள்.

விசாலி கார்க் கதவை மெதுவாகச் சாத்தினாள். திரும்பி வந்து சேலையை மாற்றினாள். மாடி அறைக்குப் போய் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டாள். ஷிஃப்ட்டின் மறுபாதி தொடங்கியது.

கீழே மூன்று பேரும் சாப்பிட உட்கார்ந்தார்கள்.

"ஒனக்கு முன்னமே தெரியுமா?" என்று சிவகாமி தம்பியைக் கேட்டாள்.

"போன வாரம் சொன்னாக."

"எங்கிட்ட ஏன் சொல்லலை?"

"சொல்லியிருந்தா வேண்டாம்பே."

"ஆமா. சொல்லுவேன்."

"இப்பச் சொல்லு பாப்போம், வேண்டாம்னு."

சிவகாமி சோற்றைப் பிசைந்தாள்.

"ஆச்சி, கேளு. ரெண்டு வருசத்துல இந்த வாசப்படி ஏறுன ஒரே சம்மந்தம் இது. இதை விட்டா அடுத்தது இல்லை. மாப்பிள்ளைக்கு வேற கெட்ட பழக்கம் கெடையாது. சொந்த வீடு. மாமியா தங்கமானவுக, மனசுல ஒன்னும் வச்சுக்காமப் பேசுறாக. கோவம் மட்டுந்தான். அதுக்கும் நம்ம பிள்ளைகிட்டதான் மருந்து இருக்குன்னு கண்ணு முன்னால பாத்தாச்சு."

"நாயேன்னான்" என்றார் சொக்கநாதன்.

"யாருன்னு தெரியாமச் சொன்னது அயித்தான்."

"யாருன்னு தெரியாத ஆளை நாயேம்பானா?"

"போன்ல பேசுறதெல்லாம் ஒரு பேச்சா? ஒங்க கடைக்கு வர்றவன் என்னென்ன பேசுறான். நீங்க என்ன திருப்பியா பேசுறீங்க?"

கீழ ராஜ வீதியில் சொக்கநாதனுக்கு எலக்ட்ரிக்கல் கடை. அவர் யாரையும் திருப்பிப் பேசியதில்லை. வாடிக்கையாளரையும் பேசியதில்லை, நின்றுபோன சம்மந்தியையும் பேசியதில்லை. சொக்கநாதன் மாதிரி மனுசர் உண்டா என்று கடை வீதியில் சொல்வார்கள்.

"கடைசியில கெடச்சுதுன்னு சொன்னாருல்ல" என்றாள் சிவகாமி. யாருக்கும் இல்லாமல், தனக்கே சொல்லிப் பார்ப்பது போல இருந்தது. "குரலே மாறிப்போச்சு. கேட்டீங்கல்ல? இவ பேசப் பேச அடங்கிட்டாரு."

அவன் அவர் ஆகியிருந்தான். லக்ஷ்மணன் அதைக் கவனித்தார். மோருக்குக் கை நீட்டினார்.

"அவளையே கேட்டுருவோம்" என்றார் சொக்கநாதன். "அவ சொல்றதுதான்."

"அதான் சரி" என்றாள் சிவகாமி உடனே.

இருவர் முகத்திலும் ஒரு தெளிவு வந்தது. பாரம் கைமாறிவிட்டது.

மாடிக்கு ஏற அவர்களுக்குச் சாயங்காலம் ஆனது. சிவகாமி பணியாரங்களைத் தூக்குச்சட்டியில் அடுக்கி வைத்தாள். சொக்கநாதன் படுத்துப் பார்த்தார். தூக்கம் வரவில்லை. எமகண்டம் கழிந்த பிறகு இருவரும் படியேறினார்கள். லக்ஷ்மணன் வாசலில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் தட்டு, வெற்றிலை, பாக்கு, பூ.

அறையில் விசாலி பேசிக்கொண்டிருந்தாள்.

"புரியுது சார். உங்க இடத்துல யாரா இருந்தாலும் கோபம் வரும் சார்."

பெற்றவர்கள் கதவருகே நின்றார்கள். ஹெட்செட்டுக்குள் யாரோ கத்துவது வெளியே கொசுவின் சத்தமாகக் கேட்டது. விசாலி விரலை உயர்த்தி, இருங்கள் என்று காட்டினாள்.

"சரி சார். இருபத்து நாலு மணி நேரத்துல சரியாயிரும். நன்றி சார்."

ஹெட்செட்டைக் கழற்றி வைத்தாள். நாற்காலியைத் திருப்பினாள்.

"என்ன ஆத்தா சொல்றே?" என்றாள் சிவகாமி.

"நீங்க என்ன சொல்றீங்க?"

"ஒனக்குச் சரின்னா எங்களுக்குச் சரி."

"அப்பச்சி?"

"ஒன் இஷ்டந்தான்மா. நாங்க எதையும் திணிக்க மாட்டோம்."

விசாலி தலையாட்டினாள். அந்தப் பதிலை அவள் எதிர்பார்த்திருந்தது போல் இருந்தது.

"காலையில இருந்து பதினோரு பேர் என்னையத் திட்டியிருக்காங்க. அதுக்குச் சம்பளம் குடுக்குறாங்க. ஷிஃப்ட் முடிஞ்சா ஹெட்செட்டைக் கழட்டிருவேன். அந்த வீட்டுல எப்பக் கழட்டுறது?"

"அப்போ வேண்டாங்கிறியா?" சிவகாமியின் குரலில் பயம் இருந்தது. வேண்டாம் என்று சொல்லிவிடுவாளோ என்ற பயம்.

"நான் இன்னும் ஒன்னும் சொல்லலை."

"கார் வந்துரும் ஆத்தா. ஏதாவது ஒன்னு சொல்லு."

"அந்த ஆச்சி என்னைய எதுன்னு கேட்டாக. கண்மாயா, கொதிக்கிற பானையான்னு. ஒங்ககிட்டதான் கேட்டாக. நான் உள்ள சேலை மடிப்பு வச்சுக்கிட்டே காதைக் குடுத்தேன். ஒங்க ரெண்டு பேருக்கும் தெரியலை."

"அது ஏதோ இங்கிலீஷ் வார்த்தை ஆத்தா, எங்களுக்கு என்ன தெரியும்..."

"இங்கிலீஷா?"

சிவகாமி கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். சொக்கநாதன் நின்றுகொண்டே இருந்தார்.

கீழே கார் வந்து நிற்கும் சத்தம் கேட்டது. ஹார்ன் அடிக்கவில்லை. லக்ஷ்மணனின் நாற்காலி பின்னால் நகர்ந்தது. "வாங்க ஆச்சி, வாங்க வாங்க" என்ற குரல் படி வழியாக ஏறி வந்தது.

சொக்கநாதன் சட்டையின் மேல் பித்தானைத் தொட்டுப் பார்த்தார். அது போட்டபடியே இருந்தது.

"போகலாமா?" என்றார். யாரைக் கேட்டார் என்று தெரியவில்லை.

விசாலி எழுந்திருக்கவில்லை. மதியம் சாத்தப்பனிடம் பேசிய அதே குரலில் சொன்னாள்.

"அந்த ஆளு என்னைய நாயேன்னப்ப நான் அமைதியா இருந்தேன். அது என் வேலை, பழகிருச்சு. நீங்க ரெண்டு பேரும் ஏன் அமைதியா இருந்தீங்க?"